படை, படிப்பு, படி

திருப்பூர்ப் பனியன் கம்பெனிகளின் வாயிலிலே காக்கி உடுத்து நிற்கும் காவற்காரரை நாம் நாள்தோறும் பார்க்கிறோம். கட்டிங் தொழிலாளியும், டெய்லரும், கைமடித் தோழியும் காலையில் உள்ளே நுழையும்போது கதவைத் திறந்து விடுகிறார். சரக்கு ஏற்றிய வண்டி வெளியேறும்போது அதன் எண்ணைக் குறித்துக்கொள்கிறார். நிமிர்ந்த முதுகும், ஒழுங்காக வெட்டிய மீசையும், பளபளக்கும் காலணியும் அவர் ஒரு காலத்தில் யாராக இருந்தார் என்பதைச் சொல்லாமற் சொல்லும். பனி படர்ந்த எல்லையிலே நின்றவர். நாட்டின் வாயிலைக் காத்தவர். இன்று நூல் மூட்டைகளின் வாயிலைக் காக்கிறார்.

காவல் இழிந்த தொழிலன்று. உழைத்து உண்ணும் எத்தொழிலும் இழிவன்று. ஆயினும் ஒரு கேள்வி நம் நெஞ்சைக் குடைகிறது. இவர் படையிலிருந்து திரும்பிய நாளில் வயது முப்பத்தைந்தைத் தாண்டியிராது. உடலில் வலுவிருந்தது, உள்ளத்தில் ஒழுங்கிருந்தது. 'இனி நான் படிக்கப் போகிறேன்' என்று அன்று அவர் சொல்லியிருந்தால், கல்லூரிக் கதவைத் திறந்துவிட யார் நின்றிருப்பார்?

கல்லூரி இல்லாமற் போகவில்லை. சிக்கண்ணா அரசு கலைக் கல்லூரி 1966-இலிருந்து இவ்வூரில் இருக்கிறது. அரசுக் கல்லூரியின் கட்டணம் மலையளவு பெரிதும் அன்று. பிறகு எது தடுத்தது? எங்கே தங்குவது, எதை உண்பது, மாதம் பிறந்தால் வீட்டுக்காரருக்கு வாடகையை யார் கொடுப்பது என்ற கேள்விகள் தடுத்தன. கல்வியைப் பற்றிப் பேசும் நம் அறிஞர்கள் கட்டணத்தைப் பற்றிப் பேசுவார்கள். பாடத்திட்டத்தைப் பற்றிப் பேசுவார்கள். கூரையைப் பற்றிப் பேசமாட்டார்கள். கூரைக்குக் கீழே பிறந்தவர்களுக்குக் கூரை கண்ணில் படுவதில்லை!

தமிழிலே 'படி' என்றொரு சொல் உண்டு. கல் என்று ஏவும் சொல்லும் அதுவே, மேலே ஏறக் கால் வைக்கும் இடமும் அதுவே, அரிசி அளக்கும் அளவையும் அதுவே, சம்பளத்துக்கு மேலே தரும் தொகையும் அதுவே. அளக்கும் படி இல்லாதவன் ஏறும் படியைத் தொடுவதில்லை என்ற உண்மை அந்த ஒரு சொல்லுக்குள்ளே அடங்கிக் கிடக்கிறது. படையிலிருந்து திரும்பிப் படிக்க வருபவனுக்குத் தங்குமிடப் படி தருவது என்னும் வழக்கம் உலகில் எப்படித் தோன்றியது, யாருக்குக் கிடைத்தது, யாருக்கு மறுக்கப்பட்டது, நம் நாட்டில் ஏன் வேர்விடவில்லை என்பதை இக்கட்டுரையில் எண்ணிப் பார்ப்போம்.

செத்தவனுக்குக் கல், கற்றவனுக்கு நெல்

பழந்தமிழர் வீரனை மறந்தவரல்லர். போரில் வீழ்ந்தவனுக்கு நடுகல் நட்டனர். கல்லைத் தேர்வதிலிருந்து வாழ்த்துவது வரை அதற்குரிய முறைகளைத் தொல்காப்பியம் வரிசைப்படுத்துகிறது. வீழ்ந்தவனின் குடும்பத்துக்கு நிலம் விட்டனர். 'உதிரப்பட்டி' என்றும் 'நெய்த்தோர்பட்டி' என்றும் கல்வெட்டுகள் அதனைக் குறிக்கின்றன. நெய்த்தோர் என்றால் குருதி. குருதிக்கு விலையாக வந்த நிலம் அது. பெயரிலேயே உண்மையை வைத்தார்கள்.

படிப்பவனுக்குப் படியளக்கும் வழக்கமும் இந்நாட்டுக்குப் புதிதன்று. முதலாம் இராசேந்திர சோழன் காலத்து எண்ணாயிரம் கல்வெட்டைப் பாருங்கள். 270 இளநிலை மாணவர், 70 மேல்நிலை மாணவர், 14 ஆசிரியர். அந்தக் கல்லூரிக்கென 45 வேலி நிலம். மாணவர்க்கு நாள்தோறும் நெல் அளந்து கொடுத்தனர். உண்டியும் உறையுளும் இல்லாமல் கல்வி இல்லை என்ற உண்மையைச் சோழ அரசு நன்றாகவே அறிந்திருந்தது. ஆனால் அங்கே கற்பிக்கப்பட்டவை யாவை? வேதங்களும், மீமாம்சையும், வியாகரணமும், வேதாந்தமும். அக்கல்வியைக் கற்கும் உரிமை ஒரு வருணத்தாருக்கே உரியதாக இருந்தது. கங்கைவரை சென்று வாள் சுழற்றிய படைஞனின் மகன் அந்தக் களத்து நெல்லுக்கு உரியவனல்லன்.

செத்த வீரனுக்குக் கல். வேதம் கற்றவனுக்கு நெல். உயிரோடு திரும்பிவந்த வீரனுக்கோ ஒன்றுமில்லை. ஆகவே, தோழர்களே, 'நம் முன்னோரிடம் எல்லாம் இருந்தது' என்று யாரேனும் பெருமை பேசினால், 'இருந்தது, யாரிடம் இருந்தது?' என்று திருப்பிக் கேளுங்கள். வரலாற்றைப் படிப்பதன் பயன் அந்த இரண்டாவது கேள்வியிலேதான் இருக்கிறது.

நன்றியில் பிறக்கவில்லை, அச்சத்தில் பிறந்தது

திரும்பிவந்த படைவீரனைக் கல்லூரிக்கு அனுப்பி, கட்டணத்தைச் செலுத்தி, தங்கவும் உண்ணவும் மாதந்தோறும் தொகை கொடுக்கும் சட்டத்தை மிகப் பெரிய அளவில் நடத்திக் காட்டியது அமெரிக்க நாடு. அச்சட்டம் நன்றியுணர்வினால் தானாகக் கனிந்த கனி என்று எண்ணிவிடக் கூடாது. அதற்கு முன்னால் ஒரு கண்ணீர்க் கதை உண்டு.

முதல் உலகப்போரில் போரிட்டவர்களுக்கு ஈட்டுத்தொகை தருவதாக 1924-இல் அமெரிக்கா சட்டம் செய்தது. கையிலே கொடுத்ததோ வெறும் பத்திரம். பணம் 1945-இல் என்றது. இடையிலே 1929-இல் பொருளாதாரம் சரிந்தது. வேலையிழந்து, வீடிழந்து, பட்டினி கிடந்த பழைய வீரர்கள், 'பத்திரத்தை எப்போது தின்பது?' என்று கேட்டு 1932-இல் தலைநகர் வாசிங்டனுக்குத் திரண்டனர். ஆயிரமாயிரமாக வந்து, ஆற்றங்கரைச் சேற்றுநிலத்தில் அட்டையாலும் தகரத்தாலும் குடிசை போட்டுத் தங்கினர். அவ்வாண்டு ஜூலை 28-ஆம் நாள், குடியரசுத் தலைவர் ஊவர் ஆட்சியில், தளபதி மக்ஆர்தர் தலைமையில், அந்நாட்டுப் படையே அந்நாட்டின் பழைய படைவீரர்மீது ஏவப்பட்டது. குதிரைப்படை வந்தது, டாங்கிகள் வந்தன, கண்ணீர்ப்புகை வந்தது. குடிசைகள் எரிந்தன. நாட்டுக்காகப் போரிட்டவனின் கூரை நாட்டின் தலைநகரிலேயே தீப்பற்றி எரிந்தது! ஈட்டுத்தொகை வழங்க 1936 ஆகிவிட்டது.

அந்தத் தீயின் வெளிச்சத்திலேதான் பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பின் சட்டம் எழுதினார்கள். இரண்டாம் உலகப்போரில் சேர்ந்தவர் ஏறத்தாழ 1 கோடியே 60 இலட்சம் பேர். இத்தனை பேரும் ஒருசேர வேலை தேடித் தெருவுக்கு வந்தால் என்ன ஆகும் என்ற அச்சம் ஆளவந்தாரை ஆட்டியது. 1944 ஜூன் 22-ஆம் நாள் குடியரசுத் தலைவர் ரூசுவெல்ட் கையொப்பமிட்டார். குறைந்தது 90 நாள் பணியாற்றி, இழிவின்றி விடுவிக்கப்பட்டவர் படிக்கலாம். ஆண்டுக்கு 500 டாலர் வரை கட்டணத்தை அரசே கல்லூரிக்குச் செலுத்தும். வாழ்க்கைப் படியாகத் தனியாளுக்கு மாதம் 50 டாலர், குடும்பத்தாருக்கு 75 டாலர். பணியாற்றிய காலத்தைப் பொறுத்து நான்காண்டு வரையில் இது கிடைக்கும். விலைவாசி ஏற ஏற, 1946-இல் இது 65, 90 என்றும், 1948-இல் 75, 105 என்றும் உயர்ந்தது. சார்ந்தோர் ஒருவருக்கு மேல் இருப்பின் 120.

கட்டணத்தை மட்டும் கொடுத்துவிட்டுக் கைகழுவவில்லை என்பதைக் கவனியுங்கள். படிப்பவனுக்கு வயிறு உண்டு, மனைவி உண்டு, பிள்ளை உண்டு, அவர்கள் தலைக்கு மேலே ஒரு கூரை வேண்டும் என்று சட்டம் ஒப்புக்கொண்டது. அச்சட்டத்தின் உயிர்நாடி இங்கேதான் இருந்தது.

அறிவாளிகள் அஞ்சினர்

உழைப்பவன் கல்விக்கூடத்தில் நுழையும்போதெல்லாம், 'தரம் கெட்டுவிடும்' என்ற கூக்குரல் எழுவதை நாம் தமிழ்நாட்டில் கேட்டுப் பழகியவர்கள். அங்கும் எழுந்தது. சிக்காகோ பல்கலைக்கழகத் தலைவர் இராபர்ட் அட்சின்சு, பல்கலைக்கழகங்கள் நாடோடிகளின் காடாகிவிடும் என்ற பொருளில் எச்சரித்து எழுதினார். ஆர்வார்டின் தலைவர் கானன்ட்டும் தகுதியற்றோர் நுழைவார்களே எனக் கவலைப்பட்டார்.

நடந்தது என்ன? 1947-இல் அமெரிக்கக் கல்லூரிகளில் பயின்றோரில் ஏறத்தாழப் பாதிப்பேர் முன்னாள் படைவீரர். வகுப்பில் முன்வரிசையில் அமர்ந்தவர்கள் அவர்கள். நூலகம் மூடும்வரை எழாதவர்களும் அவர்களே. குண்டு மழையில் தப்பியவன் நேரத்தின் விலையை அறிவான். கானன்ட் தம் கருத்தை மாற்றிக்கொண்டார். 1956-இல் திட்டம் முடிவுற்றபோது, 78 இலட்சம் பேர் கல்வியோ தொழிற்பயிற்சியோ பெற்றிருந்தனர். அவர்களில் 22 இலட்சம் பேர் கல்லூரியில் பயின்றவர். 'தகுதி' என்பது பிறவியிலே வரும் பொருளன்று. வாய்ப்புக் கொடுத்தால் முளைக்கும் பயிர் என்பதற்கு இதைவிடப் பெரிய ஆய்வுக்கூடம் வேண்டுமா?

கூரைச் சிக்கல் அப்போதும் எளிதில் தீரவில்லை. கையில் படி இருந்தும் வாடகைக்கு வீடு இல்லை. கல்லூரித் திடல்களில் படைக்காலத்துக் கொட்டகைகளும், அரைவட்டத் தகரக் குடில்களும், வண்டி வீடுகளும் எழுந்தன. விசுகான்சின் பல்கலைக்கழகம், தொலைவில் இருந்த வெடிமருந்து ஆலையின் தொழிலாளர் குடியிருப்பையே மாணவர் குடும்பங்களின் ஊராக்கியது. குழந்தையின் துணி கொடியில் உலர, தகப்பன் திண்ணையில் கணக்குப் போட, கல்வி நடந்தது. பணம் கொடுப்பது பாதி வேலை; வீடு கட்டுவது மறுபாதி வேலை.

எழுத்தில் நிறமில்லை, கையில் நிறமிருந்தது

இனி அச்சட்டத்தின் இருண்ட பக்கத்தைப் புரட்டுவோம். இதை மறைத்துவிட்டு அமெரிக்காவைப் புகழ்ந்தால் நாம் பகுத்தறிவாளராக மாட்டோம்.

சட்டத்தின் எழுத்திலே வெள்ளையர், கறுப்பர் என்ற சொல் இல்லை. ஆனால் சட்டம் உருவான அவைக்குழுவின் தலைவர் மிசிசிப்பியைச் சேர்ந்த இரேங்கின். நிறவெறியை ஒளிக்காமல் பேசியவர். கறுப்பு வீரனுக்கு அரசுப் பணம் கிடைத்தால் அவன் வெள்ளையரின் பருத்திக் காட்டில் குறைந்த கூலிக்கு வரமாட்டானே என்பது அவர் போன்றோரின் கவலை. இரு அவைகளின் கூட்டுக்குழு முட்டிக்கொண்டு நின்றபோது, நோயுற்று ஊரில் இருந்த ஜார்ஜியாவின் கிப்சன் அவசரமாக அழைத்துவரப்பட்டு வாக்களித்த பிறகே சட்டம் பிழைத்தது. பிழைத்த சட்டத்தை நடைமுறைப்படுத்தும் பொறுப்போ உள்ளூர் அலுவலர், உள்ளூர் வங்கி, உள்ளூர்க் கல்லூரி ஆகியோர் கையில் விடப்பட்டது.

விளைவு? தென் மாநிலங்களின் வெள்ளையர் கல்லூரிகள் கறுப்பு வீரனுக்குக் கதவடைத்தன. கறுப்பருக்கென இருந்த சில கல்லூரிகள் நிரம்பி வழிந்து, வந்தவர்களைத் திருப்பி அனுப்பின. வீட்டுக்கும் தொழிலுக்கும் நிலத்துக்கும் அரசு உறுதியளித்த கடன்கள் மிசிசிப்பியின் நகரங்களில் 1947-இல் எத்தனை பேருக்குக் கிடைத்தன என ஓர் இதழ் கணக்கெடுத்தது. மொத்தம் 3,229 கடன்கள். அவற்றில் கறுப்பு வீரர் பெற்றவை எத்தனை? இரண்டு! மூவாயிரத்து இருநூற்று இருபத்தொன்பதில் இரண்டு!

போர்க்காலத்தில் படை விமானங்களை ஓட்டிய மகளிர் விமானியர் அணியினரையோ 'படையினர்' என்றே ஏற்கவில்லை. அந்த ஏற்பு 1977-இல்தான் சட்டமாயிற்று. பாதி வாழ்நாள் கழிந்தபின் வந்த உரிமை அது.

இளைஞர்களே, இதை உள்ளத்தில் எழுதிக்கொள்ளுங்கள். உரிமையைப் பொதுவாக எழுதிவிட்டு, வழங்கும் கரண்டியை ஆதிக்கக்காரன் கையில் கொடுத்தால், பந்தியில் யார் இலை நிரம்பும், யார் இலை காயும் என்பது நமக்குத் தெரியாததா?

இன்றைய வடிவம்

1950-இல் தொடங்கிய கொரியப் போருக்குப் பின், 1952-ஆம் ஆண்டுச் சட்டம் முறையை மாற்றியது. பணம் பறிக்கவென்றே முளைத்த போலிப் பயிற்சிக்கூடங்கள் கட்டணத்தை ஏற்றி அரசுப் பணத்தை உறிஞ்சியது வெளிப்பட்டதால், கல்லூரிக்குத் தனியே செலுத்துவது நின்றது. தனியாளுக்கு மாதம் 110 டாலர். கட்டணமும் வாடகையும் உணவும் அதற்குள்ளேயே. விலையேறிய பெருநகரத்தில் படிப்பவனுக்கும் சிற்றூரில் படிப்பவனுக்கும் ஒரே தொகை. அளவு ஒன்றுதான், நீதி ஒன்றாக இல்லை.

2008-இல் இயற்றி 2009 ஆகஸ்டில் நடைமுறைக்கு வந்த சட்டம் கட்டணத்தையும் கூரையையும் மீண்டும் பிரித்தது. கட்டணம் கல்லூரிக்குப் போகும். தங்குமிடப் படி மாணவன் கைக்கு வரும். அப்படியின் அளவு கல்லூரி இருக்கும் ஊரைப் பொறுத்தது. அவ்வூரில், குடும்பத்தோடு வாழும் சார்ஜன்ட் நிலைப் படைஞர் ஒருவருக்கு எவ்வளவு வீட்டுப்படி தரப்படுமோ, அதுவே அளவுகோல். வாடகை ஏறினால் படியும் ஏறும். 36 மாதம் பணியாற்றியவருக்கு முழு அளவு. குறைந்த காலத்துக்கு விகிதப்படி. 36 மாதங்களுக்குப் படி உண்டு. கல்லூரி ஆண்டுக்கு ஒன்பது மாதம் என்று கொண்டால் நான்காண்டுப் பட்டத்துக்கு அது போதும்.

குறைகளும் உண்டு. பாதிப் படிப்புச் சுமைக்கு மேல் ஏற்றவருக்கே படி. விடுமுறை மாதங்களுக்குப் படி இல்லை. வீட்டுக்காரர் விடுமுறை விடுவாரா? வீட்டிலிருந்தே கணினி வழியாக மட்டும் பயில்பவருக்கு நாட்டுச் சராசரியில் பாதியே. மாதம் முடிந்தபின் பணம் வரும். வாடகையோ மாதம் பிறந்ததும் கேட்கப்படும். 2018 இலையுதிர் காலத்தில் கணினி முறை தடுமாறியதால் ஆயிரக்கணக்கானோருக்குப் படி தாமதமாயிற்று. ஆயினும் கூரையைக் கல்வியின் ஓர் உறுப்பாக எண்ணி, ஊர்தோறும் அதன் விலையை அளந்து கொடுப்பது நாகரிகத்தின் ஓர் ஏற்றம் என்பதை மறுக்க முடியாது.

நம் நாட்டில்

இங்கே என்ன நடந்தது? வெள்ளையர் ஆட்சிக்கு வாள் கொடுத்து அடித்தளம் இட்டதே சென்னைப் படை. ஆனால் 1857-க்குப் பின்னர் 'போர்க்குலங்கள்' என்றொரு புனைந்துரை கிளம்பியது. 1881 முதல் 1885 வரை சென்னைப் படைக்குத் தலைமை தாங்கிய இராபர்ட்சு, தென்னாட்டான் போருக்கு ஆகான் என்று முடிவு கட்டினார். வருணம் சொன்ன பிறவித் தகுதியை வெள்ளைத் தளபதி படைமொழியில் திருப்பிச் சொன்னார், வேறென்ன! சென்னைக் காலாட்படைப் பிரிவுகள் ஒவ்வொன்றாகச் சுருங்கி, 1920-களில் கலைக்கப்பட்டன. இரண்டாம் உலகப்போர் மூண்டு ஆள் தேவைப்பட்டதும், 'ஆகாதவன்' மீண்டும் ஆகிறவனானான். சென்னைப் படைப்பிரிவு மறுபடியும் எழுப்பப்பட்டது. வேலூர்ப் பக்கத்துக் கம்மவான்பேட்டை போன்ற ஊர்கள் தலைமுறை தலைமுறையாகப் பிள்ளைகளைப் படைக்கு அனுப்பின.

இந்தியாவிலிருந்து 25 இலட்சம் பேர் அப்போரில் தன்விருப்பில் சேர்ந்தனர். பர்மாவில், வட ஆப்பிரிக்காவில், இத்தாலியில் அமெரிக்கனோடும் ஆங்கிலேயனோடும் ஒரே அணியில் நின்றனர். போர் முடிந்தது. அமெரிக்கன் கல்லூரிக்குப் போனான். நம்மவன் காட்டுக்கும் கழனிக்கும் ஆலை வாயிலுக்கும் போனான். மறுவாழ்வு நிதிகள் இருந்தன. படைவீரர் வாரியங்கள் 1919-இலிருந்தே இருந்தன. 1949-இலிருந்து டிசம்பர் 7-ஆம் நாள் கொடிநாள் உண்டியலும் குலுங்குகிறது. ஆனால் 'நீ படி. தங்குமிடத்தை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்' என்று உரிமையாக எழுதிக் கொடுத்த சட்டம் எதுவும் பிறக்கவில்லை.

இருப்பவை யாவை? முன்னாள் படைவீரரின் பிள்ளைகளுக்கும் கைம்பெண்களுக்கும் 2006-ஆம் ஆண்டையொட்டித் தொடங்கிய தலைமையமைச்சர் உதவித்தொகை உண்டு. 2019-இல் அது மாணவர்க்கு மாதம் 2,500, மாணவியர்க்கு 3,000 ரூபாயாக உயர்ந்தது. நல்லது, வரவேற்கிறோம். ஆனால் அது பிள்ளைக்கு, படைவீரனுக்கன்று. படைவீரனுக்கு வேறொரு சலுகை உண்டு. பள்ளியிறுதி தேறி 15 ஆண்டு பணியாற்றியவரை, மூன்றாம் நிலைப் பணிகளுக்குப் பட்டதாரிக்கு நிகராகக் கருதலாம் என்பது மைய அரசின் விதி. 'கருதலாம்'! படிக்க வைப்பதற்குப் பதில் படித்ததாகக் கருதிவிடுகிறார்கள். பசித்தவனை உண்டதாகக் கருதிவிட்டால் உலை வைக்கும் வேலை மிச்சமல்லவா?

2022 ஜூன் மாதம் அக்னிபாத் திட்டம் அறிவிக்கப்பட்டதும் இக்கேள்வி கூர்மையடைந்தது. பதினேழரை வயதிலிருந்து சேர்க்கை, நான்காண்டுப் பணி, அதன்பின் நிலையாக ஏற்கப்படுவோர் 25 விழுக்காடு வரை என்பது அறிவிப்பு. ஏனையோர்க்கு ஓய்வூதியம் இல்லை. ஏறத்தாழ 11 இலட்சத்து 71 ஆயிரம் ரூபாய் மொத்தமாகத் தரப்படும். அதில் ஒருபாதி அவர்தம் மாதச் சம்பளத்தில் பிடித்து வைத்ததே. 2022 இறுதியையொட்டிச் சேர்ந்த முதல் அணியினரின் நான்காண்டு, 2026 இறுதியையொட்டி நிறைவுறும் கணக்கு. இருபத்தொன்று, இருபத்திரண்டு வயதில் வெளியே வரும் இளைஞன்! கல்லூரிக்குப் போக வேண்டிய வயது அது. பணியில் பெற்ற பயிற்சியை இந்திரா காந்தி திறந்தநிலைப் பல்கலைக்கழகப் பட்டத்தின் ஒரு பகுதியாக ஏற்கும் ஏற்பாடு உண்டு. காவற்படைகளில் இடஒதுக்கீடும் 2022-இலேயே அறிவித்தனர். மறுபடியும் காவல், மறுபடியும் வாயில்! ஆனால் ஊரைவிட்டுப் போய்க் கல்லூரியில் சேர்ந்தால் மாத வாடகைக்கு ஒரு படி? அது அத்திட்டத்தில் இல்லை. அமெரிக்க அளவுகோலில் 36 மாதம் உழைத்தவருக்கு முழுப்படி. நம் இளைஞன் உழைப்பதோ 48 மாதம்.

'மொத்தமாகப் பணம் கொடுக்கிறோமே' என்பார்கள். ஊரறிந்தவருக்குத் தெரியும், மொத்தப் பணம் எங்கே போகும் என்று. தந்தையின் கடனுக்குப் பாதி, தங்கையின் திருமணத்துக்குப் பாதி. குடும்பத்தைக் காப்பதைக் குற்றமென்று யார் சொல்வார்? ஆனால் மாதந்தோறும், படிக்கும் வரையில் மட்டும், வரும் படி கடன்காரனுக்குப் போகாது, கல்லூரிக்குப் போகும். மொத்தம் மறைந்துவிடும், படி ஏற்றிவிடும்.

திருப்பூர் கற்ற பாடம்

அவிநாசி, பல்லடம், காங்கேயம், தாராபுரம் பக்கத்துச் சிற்றூரிலிருந்து திருப்பூருக்கு வரும் இளைஞனை எண்ணிப் பாருங்கள். லைன் வீட்டில் ஓர் அறை. நுழைவதற்கு முன்னால் அட்வான்சு. பொதுக் குழாய், பொதுக் கழிப்பிடம், தகரக் கூரையின் கோடை. வாடகை கொடுக்க ஒன்றரை ஷிப்ட் தைக்க வேண்டும். ஒன்றரை ஷிப்ட் தைத்தவன் மறுநாள் காலை வகுப்பில் கண் திறந்திருப்பானா? சனிக்கிழமைச் சம்பளம் ஞாயிற்றுக்கிழமை மளிகைக்கும் மெஸ்ஸுக்கும் போய்விடும். கல்லூரியை விட்டவனைக் கேட்டால், 'படிப்பு ஏறவில்லை' என்று தன்னையே குறை சொல்லிக்கொள்வான். ஏறாதது படிப்பன்று, தம்பி, ஏறியது வாடகை!

'படி' என்றால் என்னவென்று திருப்பூருக்கு யாரும் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. 1984-இல் பஞ்சப்படி கேட்டுப் பனியன் தொழிலாளர் 127 நாட்கள் வேலைநிறுத்தம் செய்த ஊர் இது. அரிசி விலை ஏறினால் கூலியும் ஏற வேண்டும் என்ற எளிய கணக்குக்காக நான்கு மாதத்துக்கு மேல் உலை காய்ந்து நின்றார்கள். படி என்பது பிச்சையன்று. உழைப்பின் விலையில் விடுபட்ட பகுதி என்பதை அந்தப் போராட்டம் ஊருக்குக் கற்பித்தது. அதே கணக்கைக் கல்லூரி வாயிலுக்குக் கொண்டுபோவதே இன்றைய வேலை.

கூரை இல்லாமல் கல்வி இல்லை என்பதை நம் முன்னோடிகள் நன்கு அறிந்திருந்தனர். சென்னைக்குப் படிக்க வந்த பார்ப்பனரல்லாத மாணவர்க்கு உண்ணவும் உறங்கவும் இடம் கிடைக்காத காலத்தில், 1916-ஆம் ஆண்டையொட்டி, திருவல்லிக்கேணியில் டாக்டர் நடேசனார் திராவிடர் இல்லத்தை நடத்தினார். மேடையில் முழங்குவதற்கு முன்னால் மாணவனுக்குப் பாய் விரித்தார் அவர். நம் கொங்குநாட்டவரும் பின்னாளில் இந்தியாவின் முதல் நிதியமைச்சரானவருமான ஆர்.கே. சண்முகம் அந்த இல்லத்தில் தங்கியவர்களில் ஒருவர்.

அண்ணல் அம்பேத்கரின் வாழ்வோ இதற்கு மறுபக்கச் சான்று. அவர் தந்தையார் ராம்ஜி படையிலே சுபேதார். படைப்பள்ளியில் ஆசிரியராகவும் இருந்தவர். அண்ணல் 1891-இல் பிறந்ததே மாவ் படைமுகாமில். படை தந்த எழுத்தறிவு அக்குடும்பத்தை உயர்த்தியது. பரோடா மன்னரின் உதவித்தொகை 1913-இல் அவரைக் கொலம்பியாவுக்கு அனுப்பியது. நியூயார்க்கிலே கிடைத்த கூரை, 1917-இல் பரோடாவுக்கு வேலை பார்க்கத் திரும்பியபோது கிடைக்கவில்லை. சாதியை மறைத்துப் பார்சி விடுதியில் தங்கியவரைக் கம்பேந்திய கூட்டம் வந்து வெளியேற்றியது. உதவித்தொகை இருந்தது, பட்டம் இருந்தது, பதவி இருந்தது, கூரை இல்லை. வாடகைக்குப் பணம் கொடுப்பதோடு கடமை முடிந்துவிடாது, 'நீங்க என்ன ஆளுங்க?' என்று கேட்கும் வீட்டுக்காரரின் வாயையும் அடைத்தாக வேண்டும் என்பதை அந்த ஒரு நிகழ்ச்சி நமக்குச் சொல்கிறது.

நாம் கேட்பது

'படைவீரனுக்கு மட்டும் ஏன்? ஏழை மாணவர் எல்லாருக்கும் வேண்டாமா?' என்று தோழர் ஒருவர் கேட்கக்கூடும். வேண்டும், கட்டாயம் வேண்டும். நாம் போரைப் போற்றுகிறவர்களல்லர். துப்பாக்கி தூக்கினால்தான் புத்தகம் தூக்கலாம் என்ற நிலையும் வரக்கூடாது. வறுமையினால் படைக்குப் போனவனும், வறுமையினால் தறிக்கும் தையல் எந்திரத்துக்கும் போனவளும் ஒரே தாயின் பிள்ளைகள். ஆயினும் ஒரு கதவு திறந்தால் அடுத்த கதவு அசையும். அமெரிக்கத் தொழிலாளி மகன் கல்லூரிக்குப் போகலாம் என்ற எண்ணமே படைவீரர் சட்டத்துக்குப் பிறகுதான் நாட்டின் பொதுவுணர்வாயிற்று. தமிழ்நாட்டிலோ 2022-இல் புதுமைப் பெண், 2024-இல் தமிழ்ப் புதல்வன் திட்டங்களின் வழியே, அரசுப் பள்ளியில் படித்துக் கல்லூரிக்கு வருவோர்க்கு மாதம் 1,000 ரூபாய் தரும் கொள்கை நடைமுறைக்கு வந்தது. படிப்பவர் கைக்கு மாதந்தோறும் பணம் தரலாம் என்ற கொள்கையை ஏற்றாயிற்று. இனி அளவைப் பற்றியும், கூரையைப் பற்றியும் பேச வேண்டியதே பாக்கி.

ஆகவே நாம் கேட்பவை சில. படையிலிருந்து திரும்பிப் படிப்பவர்க்குப் படிக்கும் காலம் முழுதும், விடுமுறை உட்பட, தங்குமிடப் படி உரிமையாக வேண்டும். அதன் அளவு ஊரின் வாடகையோடு ஏறியிறங்க வேண்டும். மாதத் தொடக்கத்திலேயே கைக்கு வர வேண்டும். தொழில் நகரங்களின் கல்லூரிகளையொட்டிக் குடும்பத்தோடு தங்கும் விடுதிகள் எழ வேண்டும். யார் பெற்றார், யார் பெறவில்லை என்ற கணக்குச் சாதிவாரியாகவும், ஆண் பெண் வாரியாகவும் ஆண்டுதோறும் வெளியிடப்பட வேண்டும். 3,229-இல் 2 என்ற கணக்கு எந்த மாவட்டத்திலும் எழுதப்படலாகாது. படைவீரர்க்கு இது நிலைபெற்றதும், அதே அளவுகோல் உழைக்கும் மாணவர் அனைவர்க்கும் விரிய வேண்டும்.

நடுகல் நட்டது போதும். உயிரோடு வந்தவனுக்கு ஒரு கூரை நடுவோம். இளைஞர்களே, அடுத்தமுறை பனியன் கம்பெனி வாயிலைக் கடக்கும்போது அந்தக் காவற்காரரிடம் நின்று பேசுங்கள். 'படிக்க ஆசை இருந்ததா, ஐயா?' என்று கேளுங்கள். அவர் சொல்லும் விடையைக் கேட்டுக்கொண்டு கூட்டத்துக்கு வாருங்கள். அவருக்கு நாம் கதவு திறக்கத் தவறிவிட்டோம். அவர் பேரனுக்கும் பேத்திக்கும் தவறக்கூடாது.